கை தேர்ந்தவர் தலைவரானால்

கேள்வி: எங்கள் லேத் பட்டறையின் மிகச் சிறந்த ஆபரேட்டரைச் சூப்பர்வைசர் ஆக்கினோம். இப்போது எல்லா வேலையையும் அவரே இழுத்துப் போட்டுச் செய்கிறார். மற்றவர்கள் கைகட்டி நிற்கிறார்கள். தலைமைப் பயிற்சி மேலாளர்களுக்கு மட்டும்தானா?
– வாசகர் ஒருவர், ஓசூர்

பதில்: இல்லை, சொல்லப்போனால், அது முதலில் தேவைப்படுவது உங்கள் சூப்பர்வைசருக்குத்தான். இரண்டாம் உலகப் போர்க்காலத்தில் ஆயுதத் தொழிற்சாலைகளில் புதியவர்கள் குவிந்தபோது, அமெரிக்க அரசு மேலதிகாரிகளை விட்டுவிட்டு, அடிமட்ட மேற்பார்வையாளர்களுக்கே வேலை கற்பித்தல், ஆட்களோடு இணங்கி நடத்தல், செய்முறையைச் சீராக்கல் என்ற மூன்று பயிற்சிகளை, ஒவ்வொன்றையும் பத்தே மணி நேரத்தில், அளித்தது. போருக்குப் பின் ஜப்பானியத் தொழிற்சாலைகள் அவற்றை விடாமல் பற்றிக்கொண்டன. (நம் ஊரிலோ பதவி உயர்வுக் கடிதத்தோடு பயிற்சி முடிந்துவிடுகிறது.)

கற்பிக்கும் முறை எளியது: புதியவரின் பதற்றத்தைப் போக்கி, மைக்ரோமீட்டரைப் பிடித்து அளப்பதைச் செய்து காட்டி, கவனிக்க வேண்டிய இடங்களை விளக்கி, பின்பு அவரையே அளக்கச் செய்து, ஏன் அப்படிச் செய்கிறார் என்று அவர் வாயாலேயே சொல்லவைக்க வேண்டும். உங்கள் சூப்பர்வைசருக்கு இதைப் பழக்குங்கள். தினசரி உற்பத்தி இலக்கில் அவருடைய சொந்தப் பங்கையும் குறைத்துவிடுங்கள். இல்லையெனில் அவர் மீண்டும் மெஷினுக்கே போய்விடுவார்.