நடிப்புத் துறைக்குப் போக நினைக்கும் மகன்: ஒரு தாய்க்குப் பதில்

அன்புள்ள அக்கா,

மகன் மருத்துவம் வேண்டாம், நடிப்புத்தான் படிப்பேன் என்று சொன்னதிலிருந்து வீட்டில் யாரும் நிம்மதியாக இல்லை என்று எழுதியிருந்தீர்கள். அதில் ஒரு வரி என்னை நிறுத்திவிட்டது: “கதாநாயகனுக்குரிய முகமும் இல்லை, வாயில் நுழையாத பெயர் வேறு. இந்த நாட்டில் யார் இவனுக்கு வாய்ப்புக் கொடுப்பார்கள்?” முதலில் இதற்குப் பதில் சொல்கிறேன்.

பிரிட்டனில் கதாநாயகர்கள் ஒரு கைப்பிடிதான். நாடக மேடையையும் தொலைக்காட்சித் தொடர்களையும் தாங்குவது குணச்சித்திர நடிகர்கள். தகப்பன், பொலிஸ்காரர், வழக்கறிஞர், கடைக்காரர் என்று எத்தனையோ பேராக வந்து போகிறவர்கள். அவர்களில் நான் மிகவும் மதிப்பவர் பீட் போசில்த்வெயிட். அவருடைய வாழ்க்கையை அத்தானும் நீங்களும் சேர்ந்து வாசிக்க வேண்டும் என்பதற்காகவே இவ்வளவு நீளமாக எழுதுகிறேன்.

1946இல் வாரிங்டனில் ஒரு கத்தோலிக்கத் தொழிலாளர் குடும்பத்தில் நாலாவது, கடைசிப் பிள்ளையாகப் பிறந்தார். அப்பா பீப்பாய் செய்தவர், மரவேலை இயந்திரத்தில் நின்றவர், பள்ளிக்கூடப் பராமரிப்பாளராகவும் இருந்தவர். நாடகத்தோடு எந்தத் தொடர்பும் இல்லாத வீடு. பிள்ளைக்குப் பாதிரியாராகும் எண்ணம் இருந்தது. பிறகு ஆசிரியப் பயிற்சி எடுத்து, மான்செஸ்டரில் லொரேட்டோ என்ற பள்ளியில் பிள்ளைகளுக்கு நாடகம் சொல்லிக்கொடுத்தார். அதற்கு அப்புறம்தான் பிரிஸ்டல் ஓல்ட் விக் நாடகப் பள்ளியில் மாணவராகச் சேர்ந்தார்.

ஆசிரியர் வேலை பார்த்த அந்த வருடங்கள் வீணாகப் போனதாக எனக்குத் தோன்றவில்லை. கவனம் சிதறுகிற ஒரு வகுப்பை முன்னால் நின்று பிடித்து வைத்திருப்பது நடிகனுக்கு நல்ல பயிற்சி. கையில் ஒரு தொழில் இருப்பவனுக்கு வேலையில்லாத மாதங்களில் பதற்றமும் குறைவு. அந்த மாதங்கள் வரத்தான் செய்யும், அதை உங்களிடம் மறைக்க மாட்டேன்.

நாடகப் பள்ளி முடிந்து 1970களில் லிவர்பூல் எவ்ரிமேன் அரங்கில் சேர்ந்தார். ஜொனதன் பிரைஸ், ஜூலி வால்டர்ஸ், பில் நை எல்லோரும் அந்தக் காலத்தில் அங்கே வளர்ந்தவர்கள்தான். இன்று பெரிய பெயர்கள், அன்று சிறு சம்பளக்காரர்கள். பெயரை மாற்றினால் நல்லது என்று பீட்டுக்கும் ஆலோசனை சொன்னார்கள். அவர் மாற்றவில்லை. ஆங்கிலேயருக்கே தடுக்கும் அந்தப் பெயர்தான் கடைசிவரை படங்களின் நடிகர் பட்டியலில் வந்தது. உங்கள் மகனும் தன் பெயரை முழுதாகவே எழுதட்டும், அக்கா.

முகத்தைப் பற்றிக் கேட்டீர்கள். மேடேறிய கன்ன எலும்புகளும் பெரிய மூக்கும் கொண்ட முகம் அவருடையது. 1993இல் ‘இன் த நேம் ஆஃப் த ஃபாதர்’ படத்தில் ஜூசெப்பே கொன்லனாக வந்தார். லண்டனில் கைதான மகனுக்கு உதவ பெல்பாஸ்டிலிருந்து புறப்பட்டு வந்து, தானும் செய்யாத குற்றத்துக்குத் தண்டனை பெற்று, 1980இல் தண்டனைக் காலம் முடியும் முன்பே இறந்துபோன உண்மையான மனிதர் அந்த ஜூசெப்பே. மகனாக நடித்த டேனியல் டே-லூயிஸ் பெரிய நட்சத்திரம். ஆனாலும் நெஞ்சு நோயோடு, மெலிந்து, நேர்மையை விடாமல் பிடித்துக்கொண்டிருக்கும் அந்தத் தகப்பன்தான் மனதில் நிற்கிறார். அவர் இறந்த இரவில் மற்றக் கைதிகள் காகிதங்களைக் கொளுத்திச் சிறை ஜன்னல்கள் வழியே வெளியே விடுவார்கள். அந்தக் காட்சியில் பீட் இல்லை. ஆனால் அது வரை அவர் நடித்ததால்தான் அந்த நெருப்பு நம்மைச் சுடுகிறது.

அந்தப் படத்துக்காக ஆஸ்கர் பரிந்துரை வந்தபோது அவருக்கு ஏறத்தாழ 48 வயது. விருது கிடைக்கவில்லை. ஆனால் 1996இல் ‘பிராஸ்ட் ஆஃப்’, 1997இல் ஸ்பில்பெர்க்கின் இரண்டு படங்கள் என்று வேலை தொடர்ந்தது. 2008இல் தான் தொடங்கிய அதே எவ்ரிமேன் அரங்குக்குத் திரும்பிப் போய் லியர் மன்னராக நடித்தார். 2011 ஜனவரியில் புற்றுநோயால் காலமானார். 2010இலும் அவர் நடித்த படங்கள் வெளிவந்தன. நாற்பதுக்கு மேல் மலர்ந்து கடைசிவரை ஓடிய தொழில் அது. பதினெட்டு வயதில் எல்லாம் முடிவாகிவிட வேண்டும் என்ற பயம் இந்தத் துறைக்குப் பொருந்தாது.

இனி மகன் விஷயத்துக்கு வருவோம். யூகாஸ், அதாவது பிரிட்டன் பல்கலைக்கழகங்களுக்கான பொது விண்ணப்பத்தில், ஐந்து தெரிவுகள். அவற்றில் நாலு வரைதான் மருத்துவத்துக்குப் போடலாம், கடைசி நாள் அக்டோபர் 15. விருப்பமில்லாத பிள்ளையைக் கொண்டு அந்த நாலையும் நிரப்ப வேண்டாம். ஏன் மருத்துவம் என்று நேர்முகத்தில் கேட்டால் அவன் என்ன சொல்வான்? அதற்குப் பதிலாக ஆங்கில இலக்கியம், நாடகம் போன்ற பட்டப் படிப்புகளைப் போடட்டும். பட்டம் முடித்து ஒரு வருடம் ஆசிரியப் பயிற்சி எடுத்தால் பள்ளியில் வேலைக்குப் போகலாம். பட்டதாரிகளுக்கென்றே நாடகப் பள்ளிகளில் நடிப்பு முதுகலையும் இருக்கிறது. பீட் போன வழியும் ஏறத்தாழ இதுதான், என் பரிந்துரையும் இதுவே.

அதே நேரத்தில் லண்டன் நாடகப் பள்ளிகளான ராடா, லாம்டா இரண்டுக்கும் இந்த வருடமே விண்ணப்பிக்கட்டும். அவற்றுக்கு நேரடியாக விண்ணப்பிப்பதால் யூகாஸ் தெரிவுகள் குறையாது. நடிப்புத் தேர்வில் பொதுவாக ஷேக்ஸ்பியர் காலத்துத் தனிப்பேச்சு ஒன்றும் இக்காலத்துத் தனிப்பேச்சு ஒன்றும் கேட்பார்கள். தன் வயதுக்கு ஒத்த பாத்திரமாக எடுக்க வேண்டும், முழு நாடகத்தையும் வாசித்திருக்க வேண்டும். முதல் முறை கிடைக்காமல் மறுபடி போகிறவர்கள் நிறையப் பேர், அதில் வெட்கமே இல்லை. கல்விக் கடன் எந்தப் படிப்புக்குக் கிடைக்கும் என்பதை மட்டும் ஒவ்வொரு பள்ளியிலும் கேட்டு உறுதி செய்துகொள்ளுங்கள்.

இன்னொன்று. அவன் இப்போது எங்காவது நடிக்கிறானா? நடிக்க ஆசை என்பது வேறு, மழையிலும் குளிரிலும் ஒத்திகைக்குப் போவது வேறு. பக்கத்திலுள்ள இளைஞர் நாடகக் குழு ஒன்றில் இந்த மாதமே சேர்த்துவிடுங்கள். தேசிய இளைஞர் அரங்கும் 14 வயதிலிருந்து 25 வரையுள்ளவர்களைத் தேர்வு வைத்து எடுக்கிறது. ஒரு தவணை முழுக்க அவன் ஒத்திகையைத் தவறவிடாமல் போகிறானா என்று பாருங்கள், பல்கலைக்கழகத்துக்கு முந்திய ஏ-லெவல் படிப்பு குறையாமல் இருக்கிறதா என்பதையும்.

அடுத்த சந்திப்புக்கு அத்தானும் வரட்டும். மகன் இரண்டு தனிப்பேச்சையும் தயார் செய்துகொண்டு வந்தால் நாங்கள் மூவரும் இருந்து கேட்போம். அப்புறம் அங்கேயே யூகாஸ் தெரிவுகளை ஒவ்வொன்றாக முடிவு செய்யலாம்.