திருகோணமலை வெயிலில் பொமரேனியன் வளர்க்கலாமா?

கேள்வி கேட்டவர் உவர்மலையில் வாடகை வீட்டில் இருக்கிறார். மகளுக்குப் பொமரேனியன் குட்டி வேண்டுமாம். கணவன், மனைவி இருவரும் வேலைக்குப் போகிறவர்கள், பகலில் வயதான அம்மா மட்டும் வீட்டில். இந்த ஊர் வெயிலில் அது தாங்குமா, பராமரிப்பது கஷ்டமா என்று கேட்கிறார்.

வளர்க்கலாம். ஆறு வருடமாக நானும் இதே ஊரில் ஒன்று வளர்க்கிறேன். ஆனால் உங்கள் கேள்வியைப் படித்ததும் எனக்கு வெயிலை விட உங்கள் அம்மாவைப் பற்றித்தான் யோசனை போனது. அதற்குப் பிறகு வருகிறேன்.

எங்களுடையவன் பெயர் ரம்புட்டான். அக்காவின் மகள் வைத்த பெயர், சுருக்கமாக ரம்பு. பிஸ்கட் பெட்டியில் வந்தபோது ஒரு கிலோகூட இல்லை. இந்த இனத்தின் சரியான எடையே ஏறத்தாழ 1.4 முதல் 3.2 கிலோ வரைதான். நம்மூரில் பொமரேனியன் என்று விற்கப்படுபவற்றில் பல, உண்மையில் ஸ்பிட்ஸ் (இதே சாயலில் சற்றுப் பெரிய நாய்) கலப்பு. வளர்ந்ததும் இதைப்போல் இரண்டு மடங்கு நிற்கும். அது குறையே இல்லை, வெயிலுக்கு அவைதான் இன்னும் தோதானவை என்பது என் எண்ணம்.

பொமரேனியா என்பது இன்றைய போலந்துக்கும் ஜெர்மனிக்கும் இடையில் பரந்து கிடக்கும் பால்டிக் கடலோரப் பிரதேசம். அதுவும் கடற்கரைதான், ஆனால் பனி கொட்டும் கடற்கரை. 1888ஆம் ஆண்டு விக்டோரியா மகாராணி இத்தாலியின் புளோரன்ஸ் நகரிலிருந்து இந்த வகை நாயொன்றைக் கொண்டு போன பிறகு, சிறிய உடம்புள்ளவற்றுக்கு மவுசு ஏறியது. உடம்பைச் சிறிதாக்கினார்களே தவிர, பனிக்குப் போட்ட கம்பளியைக் கழற்றவில்லை.

கழற்றும் வேலையை நான் செய்தேன். முதல் வருடம், சித்திரை வருடப்பிறப்புக்கு முந்திய வாரம், இரைக்கிற நாயைப் பார்க்கப் பொறுக்காமல் முடிவெட்டும் மெஷினை எடுத்து முழுவதுமாக மழித்துவிட்டேன். விறாந்தையில் அரைச் சாக்கு முடி. நடுவில் தோலுரித்த ரம்புட்டான் ஒன்று என்னைப் பார்த்தபடி உட்கார்ந்திருந்தது. எட்டு மாதம் கழித்தும் முதுகில் திட்டுத் திட்டாகப் பஞ்சு போல்தான் வளர்ந்தது. வாலடியில் ஓர் இடம் இன்றுவரை கறுத்த வெறுந்தோல். மிருக வைத்தியர் ஏசாமல் விளக்கினார்: உள்ளே மெத்தென்று ஒரு படை, வெளியே நீண்ட முடி இன்னொரு படை. வெளிப்படைதான் வெயில் தோலில் விழாமல் காப்பது. ஒட்ட மழித்தால் சில நாய்களுக்கு அது திரும்ப வளர்வதே இல்லை. செய்ய வேண்டியது, வாரத்தில் மூன்று நாளாவது அடிவரை சீவி, உதிர்ந்து சிக்கிக் கிடக்கும் உள்முடியை எடுப்பதுதான். சீவும்போதே உண்ணியையும் தேடிவிடலாம். காதின் உட்புறமும் விரலிடுக்கும் அவற்றுக்குப் பிடித்த இடங்கள். உண்ணிக் காய்ச்சலை இங்கே சாதாரணமாக நினைக்க வேண்டாம். ஈறு வெளிறினால், சிறுநீர் தேநீர் நிறத்தில் போனால் அன்றே வைத்தியரிடம் போங்கள்.

இனி வெயில். வைகாசி தொடங்கிக் கச்சான் என்னும் வறண்ட தென்மேற்குக் காற்று வீசும் மாதங்களில் காலை ஆறு மணிக்கு முன்பே நடத்திக் கூட்டிவாருங்கள், மாலையில் பொழுது பட்ட பிறகு. இடையில் வெளியே வேண்டாம். தார் வீதியில் புறங்கையை வைத்துப் பாருங்கள், உங்களுக்குச் சுட்டால் அதற்கும் சுடும். பகலில் ரம்பு குளியலறைச் சீமெந்துத் தரையில் வயிற்றை ஒட்டி, பின்னங்கால்களைத் தவளை போல் விரித்துக் கிடப்பான். அவனுக்கென்று அந்தக் கதவைத் திறந்தே வைத்திருக்கிறோம். ஒருநாள் மின்சாரம் போய், ஜன்னலும் சாத்தியிருந்த அறையில் மாட்டிக்கொண்டான். நாக்கு கருஞ்சிவப்பாகி, எச்சில் நூல் போல் தடித்து வழிந்தது. கால்களிலும் வயிற்றிலும் பைப் தண்ணீரை ஊற்றி, ஓட்டோவில் விசிறிக்கொண்டே கொண்டு ஓடினோம். அங்கே அளந்தபோது 40.8 பாகை. நாய்க்குச் சாதாரண வெப்பம் 38.3 முதல் 39.2 வரை. ஈரத் துவாயால் போர்த்தி மட்டும் வைக்காதீர்கள், சூடு உள்ளேயே நின்றுவிடும். தண்ணீரும் காற்றும்தான் வேண்டும்.

இப்போது அம்மா. என் அம்மாவைச் சொல்கிறேன், உங்கள் அம்மா எப்படியோ தெரியாது. பால்தேநீரில் தோய்த்த பாண் விளிம்பு, முள் எடுத்த மீன், அரை முறுக்கு. "அது பார்க்கிற பார்வைக்கு எனக்குத் தொண்டைக்குள் இறங்குமா?" என்பார். ஒரே வருடத்தில் 3.2 கிலோ நாய் 4.6 கிலோ ஆனது. கேட்கச் சிறிதாகத்தான் இருக்கும். 60 கிலோ மனிதர் 86 கிலோ ஆவதற்குச் சமம் அது. பிறகு நடக்கும்போது திடீரென்று ஒரு பின்னங்காலைத் தூக்கிக்கொண்டு மூன்று காலில் துள்ளத் தொடங்கினான். முழங்கால் சில்லு விலகுகிறதாம், இந்தச் சின்ன இனங்களில் அடிக்கடி வருவது. அதோடு வாத்துக் கத்துவது போல் ஓர் இருமல். அது மூச்சுக்குழாயின் பலவீனம். கழுத்துப் பட்டியை அன்றே கழற்றி, நெஞ்சைச் சுற்றிக் கட்டும் பட்டி வாங்கினோம். கட்டிலிலிருந்து குதிப்பதற்கும் தடை போட்டோம்.

அம்மாவோடு சண்டை பிடித்துப் பயனில்லை. கடைசியில் ஒரு ஜாம் போத்தல்தான் வழிகாட்டியது. அன்றைய தீனியைக் காலையில் அளந்து அதற்குள் போட்டு அம்மா கையில் கொடுத்துவிடுவேன். எத்தனை தடவை கொடுத்தாலும் அவர் விருப்பம், ஆனால் போத்தலிலிருந்து மட்டும். "எனக்கும் ஒரு போத்தல் அளந்து வைத்துவிடு" என்று முதல் கிழமை முழுவதும் முகம் கொடுக்கவில்லை. எட்டு மாதத்தில் எடை 3.5க்கு வந்தது.

ஆனால் குட்டியாக இருக்கும்போது கதை தலைகீழ். மூன்று, நான்கு மாதம் வரை ஒருவேளை சாப்பாடு தப்பினாலே இரத்தத்தில் சர்க்கரை இறங்கி, தள்ளாடி விழுந்துவிடும். நாளுக்கு நான்கு முறை கொடுக்க வேண்டும். சோர்ந்தால் ஈறில் கொஞ்சம் தேன் தடவிக்கொண்டு வைத்தியரிடம் போக வேண்டும். அந்தக் காலத்தில் பகலில் வீட்டிலிருக்கும் அம்மா பெரிய வரம்.

கொடுக்கவே கூடாதவை: வெங்காயம், சொக்லேட், பொங்கலில் போடும் பிளம்ஸ் (உலர்ந்த திராட்சை), சமைத்த கோழி எலும்பு. காய்ச்சல் என்று பனடோல் (பரசிட்டமோல்) கொடுப்பவர்களையும் பார்த்திருக்கிறேன். 500 மில்லிகிராம் மாத்திரை ஒன்று மூன்று கிலோ நாய்க்கு நஞ்சு. பற்களையும் கவனியுங்கள். பெரிய நாயைப் போலவே 42 பல் அந்தச் சின்ன வாய்க்குள் முளைக்க வேண்டும். ரம்புவுக்குப் பால் கோரைப்பல் விழாமலே புதியது பக்கத்தில் முளைத்து, மயக்க மருந்து கொடுத்துத்தான் பிடுங்கினார்கள்.

விசர்நாய்த் தடுப்பூசியை வருடம் தவறாமல் போடுங்கள். கட்டாக்காலி நாய்கள் திரியும் ஊர், இவனுக்கோ தன் அளவு தெரியாது. கோட்டை வாசல் பக்கம் மேய்ந்துகொண்டிருந்த மான் கூட்டத்தை ஒருநாள் விரட்டக் கிளம்பினான். கிளைக்கொம்பு வைத்த ஆண் மான் ஒன்று தலையைத் தூக்கி, அசையாமல் பார்த்தது. அவ்வளவுதான். என் செருப்புக்கு நடுவில் வந்து நின்று, அங்கிருந்து குரைத்தான். அன்றிலிருந்து வாரைக் கையிலிருந்து விடுவதில்லை.

வாடகை வீடு என்கிறீர்கள், வீட்டுக்காரரிடம் முதலில் கேட்டுவிடுங்கள். இது குரைக்கும், நிறையக் குரைக்கும். எங்கள் ஒழுங்கைக்கு மீன்காரர் வருவதை ரம்புதான் அறிவிக்கிறான். அவர் இன்னும் இரண்டு ஒழுங்கை தள்ளித்தான் வந்துகொண்டிருப்பார், அம்மா சட்டியை எடுத்துக்கொண்டு கேற்றடிக்குப் போய்விடுவார்.