இரண்டு எண்கள் இடம் மாறியதற்கு 36,000 ரூபாயா?

கேள்வி: ஐயா, துணி வியாபாரம் செய்கிறேன். சரக்கு ஏற்றிய லாரியின் எண் 4178. சரக்கோடு போகும் மின்னணுச் சீட்டான இ-வே பில்லில் 4718 என்று பதிவாகிவிட்டது. மற்றதெல்லாம் சரி. வழியில் மறித்த அதிகாரி, வரி 18,000 ரூபாய், அதற்கு 200 சதவீத அபராதம் 36,000 என்றார். நோட்டீசுக்கு எழுத்தில் மறுப்புக் கொடுத்தேன். பாதியாவது குறையுங்கள் என்று கெஞ்சியதற்கு, ‘எனக்கு அந்த அதிகாரம் இல்லை’ என்றார். சரக்கு போயாக வேண்டுமே, கட்டிவிட்டேன். ‘பணம் கட்டியாச்சு, இனி ஆணையெல்லாம் வராது’ என்கிறார்கள். நான் என்ன செய்வது?
– ஈரோடு வாசகர்

பதில்: குறைக்க அதிகாரம் இல்லை என்று அவர் சொன்னது உண்மை. வழியில் சரக்கை மறித்துப் பிடிப்பதற்கான ஜிஎஸ்டி சட்டத்தின் 129வது பிரிவில் 200 சதவீதம் என்றால் 200தான். இரக்கப்பட்டு 100 ஆக்க அவரால் முடியாது. ஆனால் அவர் சொல்லாமல் விட்டது ஒன்று இருக்கிறது: இந்தத் தவறுக்கு 129வது பிரிவையே அவர் எடுத்திருக்கக் கூடாது.

மத்திய மறைமுக வரி வாரியம் 14.9.2018 அன்று 64/38/2018 என்ற சுற்றறிக்கையை வெளியிட்டது. வாகன எண்ணில் ஓரிரு எழுத்தோ இலக்கமோ தவறினால் 129இன் கீழ் நடவடிக்கை வேண்டாம், பொது அபராதத்துக்கான 125வது பிரிவில் மத்திய வரிக்கு 500, மாநில வரிக்கு 500 அபராதம் போதும் என்கிறது அது. ஆக, உங்கள் கணக்கு 1,000 ரூபாய். மேல்முறையீட்டில் முதலில் நீட்ட வேண்டிய காகிதம் இதுதான்.

பலர் 126வது பிரிவைத்தான் முதலில் தூக்கிக்கொண்டு வருவார்கள். சிறு தவறுக்கு அபராதம் கூடாது, தவறின் கனத்துக்கு ஏற்பவே அபராதம் என்று அழகாக எழுதியிருக்கும். நான் மேல்முறையீட்டு அதிகாரியாக இருந்த காலத்திலும் பாதி மனுக்கள் அதை வைத்தே வரும். அதே பிரிவின் 6வது உட்பிரிவை யாரும் படிப்பதில்லை. நிலையான தொகையாகவோ சதவீதமாகவோ விதிக்கப்படும் அபராதத்துக்கு அந்தச் சலுகை கிடையாது. போதாக்குறைக்கு, வரி 5,000 ரூபாய்க்குக் கீழே இருந்தால்தான் அதில் ‘சிறு தவறு’ என்ற கணக்கே வரும். உங்களுடையது 18,000. அதை நம்பிப் போகாதீர்கள்.

அப்புறம், ஆணை வராது என்கிறார்களே, அது தப்பு. பணம் கட்டியதும் நடவடிக்கை முடிந்ததாகக் கருதப்படும் என்று 129(5) சொல்வது வாஸ்தவம்தான். ஆனால் மறுப்பு தெரிவித்திருந்தால், பணம் கட்டிய பிறகும் காரணங்களோடு எம்ஓவி-09 படிவத்தில் ஆணை தந்தே ஆக வேண்டும் என்று 2025இல் ஏ.எஸ்.பி. டிரேடர்ஸ் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. நல்லவேளை, நீங்கள் எழுத்தில் கொடுத்திருக்கிறீர்கள். ஆணை கேட்டு ஒரு கடிதம் எழுதி, பெற்றுக்கொண்டதற்குக் கையொப்பம் வாங்குங்கள். ஆணை கைக்கு வந்ததிலிருந்து 3 மாதத்துக்குள் மேல்முறையீடு. தகுந்த காரணம் இருந்தால் இன்னும் ஒரு மாதம், அவ்வளவுதான். அதற்குமேல் தாமதத்தை மன்னிக்கச் சட்டம் மேல்முறையீட்டு அதிகாரிக்கு இடம் தரவில்லை. அபராதத்தில் 10 சதவீதம் முன்பணமாகக் கட்டியிருக்க வேண்டும். நீங்கள்தான் முழுதும் கட்டிவிட்டீர்களே.

கேள்வி: மேல்முறையீட்டுக்குப் போனால் அபராதத்தைக் கூட்டிவிடுவார்களா?
– இன்னொரு வாசகர்

பதில்: கூட்டலாம். ஆனால் ஏன் கூட்டக் கூடாது என்று முதலில் உங்களுக்கு நோட்டீஸ் கொடுத்து, பதிலைக் கேட்டாக வேண்டும். மேல்முறையீடு பற்றிய 107(11) பிரிவு அப்படித்தான் சொல்கிறது. வழக்கைக் கீழ் அதிகாரியிடமே திருப்பி அனுப்புவதற்கும் மேல்முறையீட்டு அதிகாரிக்கு அதிகாரம் இல்லை. உறுதிசெய்யலாம், மாற்றலாம், ரத்து செய்யலாம். ‘மறுபடி விசாரிக்கவும்’ என்று எழுதிக் கோப்பைத் தள்ளிவிட்டால், அந்த ஆணையை எதிர்த்தே அடுத்த படி ஏறலாம்.