போருக்கும் ஆர்கானுக்கும் என்ன சம்பந்தம்? – வாங்குவோர் கேள்வி-பதில்

இந்த முறை வந்த கடிதங்களில் பாதி சிலிண்டர் பற்றியவை. சமையல் சிலிண்டர் அல்ல. ஆர்கான், ஹீலியம், ஜெனான் வகையறா வாயுக்கள். சுருக்கித் தந்திருக்கிறேன்.

கேள்வி: கோவை கணபதியில் டிக் வெல்டிங் பட்டறை வைத்திருக்கிறேன். ஆர்கான் விலையை டீலர் அடுத்தடுத்து இரண்டு முறை ஏற்றிவிட்டார். கேட்டால் ‘உக்ரைன் போர்’ என்கிறார். நம்பலாமா?

பதில்: இந்தச் சாக்கைக் கேட்டுக் கேட்டு எனக்குக் காது புளித்துவிட்டது.

உக்ரைன் போரால் விலை எகிறிய வாயுக்கள் உண்டு: நியான், கிரிப்டான், ஜெனான். சிப் தொழிற்சாலை லேசர்களுக்கு வேண்டிய நியானில் ஏறத்தாழ பாதி ஒடெசாவிலும் மரியுபோலிலும்தான் சுத்திகரிக்கப்பட்டது. 2022 மார்ச்சில் அந்த ஆலைகள் நின்றன, விலை பல மடங்கு பாய்ந்தது. உங்கள் வெல்டிங் டார்ச்சில் வருவது நியானா? உருகும் உலோகத்தில் காற்று படாமல் காக்கும் ஆர்கான்தானே!

ஆர்கான் காற்றிலேயே 0.93 சதவீதம் இருக்கிறது. நியான் பத்து லட்சத்தில் 18 பங்கு. ஜெனான் ஒரு பங்குகூட இல்லை. காற்றைக் குளிரவைத்துத் திரவமாக்கி ஆக்சிஜனைப் பிரிக்கும்போது ஆர்கானும் கூடவே கிடைக்கிறது. உருக்காலைகளுக்கு ஆக்சிஜன் மலைமலையாக வேண்டும். அதனால் ஜாம்ஷெட்பூர், பொக்காரோ, பல்லாரி போன்ற இடங்களில் பெரிய பிரிப்பு ஆலைகள் இருக்கின்றன. திரவ ஆர்கான் டேங்கரில் வந்து, சிலிண்டர் நிரப்பும் நிலையத்தில் வாயுவாக அடைபட்டு உங்களிடம் வருகிறது. எல்லாம் உள்நாட்டுச் சங்கதி. விலையை அசைப்பவை பிரிப்பு ஆலையின் மின்கட்டணம், டேங்கர் வாடகை, உருக்காலை பராமரிப்புக்காக நிற்கும் நாட்கள், எவர்சில்வர் உருக்குவோர் இழுத்துக்கொள்ளும் அளவு.

உண்மையான தட்டுப்பாடும் வந்ததுண்டு. 2021 ஏப்ரல், மே மாதங்களில் மருத்துவமனைகளுக்கு ஆக்சிஜன் கொண்டுபோக ஆர்கான், நைட்ரஜன் டேங்கர்களை மாற்றி அமைத்தார்கள். ஆலைகளும் திரவ ஆக்சிஜனுக்கே முன்னுரிமை தந்தன. அப்போது விலை ஏறியதில் நியாயம் இருந்தது. போரால் எரிபொருள் விலை கூடி, அதன் வழியாக ஆர்கானும் கூடியது என்று டீலர் வாதாடலாம். அப்படியானால் எரிபொருள் இறங்கியபோது ஆர்கானை இறக்கினாரா என்று கேளுங்கள்.

பழைய பில்லையும் புதிய பில்லையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். வாயுவின் விலை, சிலிண்டர் வாடகை, வண்டிக்கூலி மூன்றும் தனித்தனியாக இருக்க வேண்டும். பெரும்பாலும் வாடகையும் கூலியும்தான் வீங்கியிருக்கும். பிரித்துப் போட மறுத்தால் இன்னொரு டீலரிடம் விலை கேளுங்கள். கோவையில் டீலர்களுக்கா பஞ்சம்?

கேள்வி: சிலிண்டர் முன்பைவிடச் சீக்கிரம் தீர்கிறது. அளவு குறைகிறதோ?

பதில்: சிலிண்டரை இறக்கும்போது அழுத்தம் காட்டும் கேஜை மாட்டிப் பார்த்தீர்களா? கடிதத்தில் அதைப் பற்றி ஒரு வரிகூட இல்லை. வழக்கமான பெரிய சிலிண்டர் சுமார் 47 லிட்டர் கொள்ளளவு. 150 பார் அழுத்தத்தில் ஏறத்தாழ 7 கன மீட்டர் வாயு. 130 பார் காட்டினால் ஏறத்தாழ ஒரு கன மீட்டர் போயிற்று. காலையில், நிழலில் பாருங்கள். 40 டிகிரி வெயிலில் காய்ந்த சிலிண்டர், 15 டிகிரியில் காட்டுவதைவிட எட்டு ஒன்பது சதவீதம் கூடுதலாகக் காட்டும். நண்பகலில் டெலிவரி செய்யும் சிலருக்கு இது நன்றாகத் தெரியும். குறைவு உறுதியானால் சட்டமுறை எடையளவுத் துறைக்கு எழுதுங்கள். முதலில் உங்கள் ஹோசில் கசிவு இருக்கிறதா என்று சோப்பு நீர் தடவிப் பாருங்கள்.

கேள்வி: பிறந்தநாள் அலங்காரத் தொழில் செய்கிறேன். ஹீலியம் விலை கட்டுப்படியாகவில்லை. ஒருவர் பாதி விலைக்குத் தருகிறார். வாங்கலாமா?

பதில்: வேண்டாம். அது அநேகமாக ஹைட்ரஜன். தீப்பொறி பட்டால் வெடிக்கும். காஸ்டிக் சோடாவையும் அலுமினியத் துண்டுகளையும் சிலிண்டருக்குள் போட்டு அதைத் தயாரிப்பவர்களும் இருக்கிறார்கள். அந்தச் சிலிண்டரே வெடித்துப் பலர் செத்திருக்கிறார்கள். மேலே ஹீலியத்துக்குரிய பழுப்பு நிறம் அடித்திருப்பது எதற்கும் சான்றல்ல.

இந்தியாவின் ஹீலியம் கிட்டத்தட்ட முழுவதும் இறக்குமதி. கத்தாரிலும் அமெரிக்காவிலும் இயற்கை எரிவாயுவிலிருந்து பிரித்து எடுக்கிறார்கள். 2017 ஜூனில் கத்தாரை அண்டை நாடுகள் முற்றுகையிட்டபோது அங்கே ஹீலியம் ஆலைகளை மூட வேண்டியிருந்தது. 2022 தொடக்கத்தில் ரஷ்யாவின் அமுர் எரிவாயு ஆலையில் தீ. ஒவ்வொரு முறையும் இங்கே விலை ஏறியது. உலகமே விலை கொடுத்து வாங்கும் சரக்கு ஒருவருக்கு மட்டும் எப்படிப் பாதி விலைக்குக் கிடைக்கும்? குழந்தைகள் கையில் கொடுக்கும் பலூன் அது, அம்மா.

கேள்வி: நம் நாட்டிலேயே ஹீலியம் இல்லையா?

பதில்: மேற்கு வங்கத்தில் பக்ரேஷ்வர் வெந்நீர் ஊற்றுக் குமிழிகளில் இருக்கிறது. ஆராய்ச்சிக்குப் பிடித்தார்கள். சந்தைக்குக் காணாது.

கேள்வி: அம்மாவுக்கு எம்ஆர்ஐ எடுத்தோம். ரசீதில் ‘ஹீலியம் கட்டணம்’ என்று 500 ரூபாய் தனியாகச் சேர்த்திருந்தார்கள். முன்கூட்டிச் சொல்லவில்லை.

பதில்: நோயாளியை உள்ளே படுக்க வைத்துவிட்டு வெளியே பில்லை நீட்டுவது எனக்குப் பொறுக்காத காரியம். எம்ஆர்ஐ இயந்திரத்தின் காந்தத்தைக் குளிர்விக்க, பலவற்றில் 1,500 லிட்டர் அளவுக்குத் திரவ ஹீலியம் இருக்கும் என்பது உண்மை. ஆனால் ஆளுக்கு இவ்வளவு என்று அது செலவாவதில்லை. இன்றைய இயந்திரங்கள் ஆவியாவதை மீண்டும் திரவமாக்கிக்கொள்கின்றன. சுமார் 7 லிட்டரே போதும் என்ற வகையும் வந்துவிட்டது. நிரப்பும் செலவு கூடினால் ஸ்கேன் கட்டணத்தில் சேர்த்து வாசலில் எழுதி வைக்கட்டும்.

எழுத்தில் விளக்கம் கேளுங்கள். பதில் வராவிட்டால் 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணில் பதிவு செய்யுங்கள். அடுத்தது மாவட்ட நுகர்வோர் ஆணையம். நீங்கள் செலுத்திய தொகை 5 லட்சம் ரூபாய்க்குள் என்பதால் மனுக் கட்டணம் கிடையாது. இரண்டு ஆண்டுக்குள் போக வேண்டும். பாதிக்கப்பட்ட மற்றவர்களையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

கேள்வி: காருக்கு ‘ஜெனான் பல்பு’ மலிவாகக் கிடைக்கிறது...

பதில்: நானும் வாங்கினேன். நீலச் சாயம் பூசிய ஹாலஜன். மழையில் சாலையே தெரியவில்லை. கார் முகப்பில் எரியும் உண்மையான ஜெனான் விளக்குக்கு உயர் மின்னழுத்தம் தரும் பல்லாஸ்ட் தேவை. பழைய பல்பைக் கழற்றிய இடத்தில் அப்படியே சொருகினால் எரியும் என்று சொன்னால், கடையை விட்டு வெளியே வாருங்கள்.

கேள்வி: ஜெனான் விலை ஏறிக்கொண்டே போகும், பணம் போடு என்கிறார் நண்பர்.

பதில்: 2022இல் உச்சம் தொட்டது, பிறகு இறங்கியது. போடாதீர்கள்.

கேள்வி: ஆர்கான் சிலிண்டர் டெபாசிட்டைத் திருப்பித் தர மறுக்கிறார் டீலர். ரசீது தொலைந்துவிட்டது. பட்டறைக்காரன் நுகர்வோர் நீதிமன்றம் போக முடியாதாமே?

பதில்: ரசீதைத் தொலைத்தவரிடம் என்ன சொல்வது? வங்கிக் கணக்கிலோ வாட்ஸ்அப்பிலோ தடயம் இருக்கிறதா என்று தேடுங்கள். சிலிண்டர் உங்களிடம் இருந்தால் தோள்பட்டையில் பொறித்த எண்ணையும் சோதனைத் தேதியையும் படம் எடுத்து வையுங்கள். டீலரின் பதிவேட்டில் அந்த எண் உங்கள் பெயரில் இருக்க வேண்டும்.

சட்டம் பற்றி உங்களுக்குச் சொன்னவர் பாதிதான் சொன்னார். வணிக நோக்கத்துக்கு வாங்குபவர் நுகர்வோர் அல்லர் என்றுதான் 2019ஆம் ஆண்டு நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் சொல்கிறது. ஆனால் சொந்த உழைப்பில் பிழைப்பு நடத்த வாங்குபவருக்கு அதே பிரிவில் விலக்கு உண்டு. நீங்களே டார்ச் பிடிப்பவர் என்றால் போகலாம். பத்து ஆள் வைத்து நடத்துகிறீர்கள் என்றால் வக்கீலைப் பாருங்கள்.