கைமுதலும் கைமாற்றும்

கேள்வி: ஐயா, நான் சிறிய நகை அடகுக்கடை வைத்திருக்கிறேன். சொந்தப் பணம் எட்டு லட்சம். ஜூனில் பள்ளிக்கூடம் திறக்கும்போது அடகு வைக்க வருபவர்கள் அதிகம் என்பதால், மைத்துனரிடம் நாலைந்து லட்சம் வாங்கிப் போட்டுத் தீபாவளிக்குள் திருப்பிவிடுவேன். வங்கித் தொழிலில் போட்ட மூலதனத்துக்கே அமெரிக்காவில் வரி விதித்து வழக்கு நடந்ததாகச் சட்டம் படிக்கும் என் மகள் சொல்கிறாள். அது என்ன வழக்கு? நான் வாங்கிப் போடும் பணமும் மூலதனம்தானா?
– வாசகர், திருமங்கலம்

பதில்: மகள் சொல்வது பெய்லி – கிளார்க் வழக்கு. உள்நாட்டுப் போர்ச் செலவுக்காக 1864-இல் வந்த அமெரிக்க வரிச் சட்டம், வங்கித் தொழில் செய்வோரின் மூலதனத்தில் மாதந்தோறும் ஒரு சதவீதத்தில் இருபத்துநான்கில் ஒரு பங்கு கேட்டது. ஒரு லட்சம் டாலருக்கு மாதம் சுமார் 42 டாலர். நியூயார்க்கின் கிளார்க், டாட்ஜ் நிறுவனம் அவ்வப்போது வாங்கிய கடனையும் வரி அதிகாரி மூலதனத்தில் சேர்த்துவிட்டார். நிறுவனத்தார் கட்டிய வரியைத் திருப்பிக் கேட்டு வழக்குப் போட்டார்கள். 1874-இல் உச்ச நீதிமன்றத்தில் ஜெயித்தார்கள். தொழிலுக்கென்று ஒதுக்கி நிலையாகப் போட்டு வைத்த சொந்தப் பணம்தான் மூலதனம், அன்றாடப் போக்கில் தற்காலிகமாக வாங்கும் கடன் அதில் சேராது என்று நீதிபதி ஃபீல்ட் எழுதினார்.

இதைச் சொல்ல வாஷிங்டன் வரை போயிருக்க வேண்டாம். என் தகப்பனார் தெற்கு ஆவணி மூல வீதியில் ஒரு கடையில் கணக்குப்பிள்ளை. சிவப்புத் துணி அட்டை போட்ட பேரேட்டில், பிள்ளையார் சுழிக்குக் கீழே கைமுதல். கைமாற்றுக்குத் தனி ஏடு. முதலாளி ஒருநாள் அவசரத்தில் கைமாற்றாக வந்த தொகையைக் கைமுதலில் சேர்த்து எழுதச் சொன்னார். அப்பா பேனாவை மூடி வைத்துவிட்டார். தமிழில் இன்னொரு குழப்பமும் உண்டு: நீங்கள் போட்டதும் முதல், கடன்காரர் வட்டியோடு திருப்ப வேண்டியதும் முதல். வரி அதிகாரிக்கு இது எவ்வளவு வசதி, பாருங்கள்!

நம் நாட்டில் உங்கள் மூலதனத்துக்கு வரி இல்லை, லாபத்துக்குத்தான். வேடிக்கை என்னவென்றால், நம் வருமான வரிச் சட்டம் தொழிலுக்காக வாங்கும் கடனையும் ‘கடன் வாங்கிய மூலதனம்’ என்றே அழைக்கிறது. அங்கே அந்தப் பெயர் வரியைக் கூட்டப் பார்த்தது. இங்கே அதே பெயரால் மைத்துனருக்குக் கொடுக்கும் வட்டி உங்கள் லாபத்தில் செலவாகக் கழிகிறது. ஆனால் அந்தப் பணத்தை ரொக்கமாக வாங்காதீர்கள். கடன் 20,000 ரூபாயைத் தொட்டால் வங்கி வழியாகத்தான் வாங்க வேண்டும், திருப்புவதும் அப்படியே. மீறினால் வாங்கிய தொகை அளவுக்கே அபராதம் விழலாம். ‘சொந்தக்காரர்தானே’ என்று சொல்லி மாட்டிக்கொண்டவர்களை நிறையப் பார்த்துவிட்டேன்.

மைத்துனர் உங்கள் கடையில் பங்குதாரரா என்று நீங்கள் எழுதவில்லை. கேட்கக் காரணம் இருக்கிறது. அமெரிக்கர்கள் 1872-இலேயே சட்டத்தைத் திருத்தி இத்தகைய கடனுக்கு விலக்குக் கொடுத்தபோது, பங்குதாரர் தரும் பணத்துக்கு மட்டும் அதைத் தரவில்லை. இங்கும் அவர் பங்குதாரர் என்றால், ஆண்டுக்கு 12 சதவீத வட்டி வரைதான் கழியும். அதுவும் கூட்டுப் பத்திரத்தில் எழுதியிருந்தால்.