குக்கர் கைப்பிடி ஏன் சூட்டில் உருகுவதில்லை?

பெரும்பாலான குக்கர் கைப்பிடிகளும் பழைய வீடுகளின் கறுப்பு சுவிட்சுகளும் பேக்கலைட். ஒருமுறை சூட்டில் இறுகினால் மீண்டும் உருகாத பிளாஸ்டிக் அது.

பெல்ஜியத்தின் கென்ட் நகரில் பேராசிரியராக இருந்து 1889-இல் அமெரிக்கா போன லியோ பேக்கலண்ட், ஃபீனால், ஃபார்மால்டிஹைடு என்ற இரண்டு வேதிப்பொருள்களைச் சேர்த்து 1907-இல் இதை உருவாக்கினார். அவருக்கு முன்பே சிலர் அந்தக் கலவையைச் செய்து பார்த்து, ஒன்றுக்கும் உதவாத பிசின் என்று கைவிட்டிருந்தார்கள். அவர் வெப்பத்தோடு அழுத்தத்தையும் கொடுத்தார். அந்தப் பொறுமை எனக்கு இன்றும் வியப்பு.

ஏன் உருகாது? மூலக்கூறுகள் எல்லாப் பக்கமும் கைகோத்து ஒரே வலையாகிவிடுகின்றன. நம்ம சேலத்து சேகோ பேக்டரியில் ஈர மரவள்ளி மாவு உருண்டைகளைச் சூடாக்கி ஜவ்வரிசி ஆக்கியபின் பழைய மாவு திரும்புமா? கிட்டத்தட்ட அப்படித்தான்.

உருகாது என்றால் தீயும் தொடாது என்று பலர் நினைக்கிறார்கள். அடுப்புச் சுடர் நேராகப் பட்டால் கைப்பிடி கருகிவிடும்.