கேளுங்க சொல்றோம்: சாப்பிடுறவங்களே காப்பாத்துறாங்களா?

கேள்வி: அலாஸ்கால கரிபு மானைக் காப்பாத்த க்விச்சின்ங்கிற பழங்குடி மக்கள் போராடுறாங்கன்னு படிச்சேன். ஆனா அவங்களே அதை வேட்டையாடித் திங்கிறாங்களாமே, இது என்ன நியாயம்?
- ஒரு வாசகி, கும்பகோணம்

பதில்: திங்கிறதாலதாங்க காப்பாத்துறாங்க! வடகிழக்கு அலாஸ்கா, கனடால யூக்கான்னு பார்டர் தாண்டி சுத்துற, போர்க்குப்பைன்னு பேர் வச்ச மந்தை அது, 2017 கணக்குல 2 லட்சத்து 18 ஆயிரம் மான். ஓல்ட் க்ரோ மாதிரி க்விச்சின் ஊருக்கு ரோடே கிடையாது, கடைச் சாமான் ப்ளேன்ல வந்து எறங்கணும், வெலையக் கேட்டா தலை சுத்தும், அதனால கரிபு கறிதான் அங்க சோறு, காயவச்சு வச்சுக்கிட்டு மாசக்கணக்குல ஓட்டுவாங்க. மந்தை வரும்போது முன்னாடி போறதை அடிக்கமாட்டாங்க, அதுங்க போற பாதைலதான் மத்ததும் வருமாம்.

சண்டையே குட்டி போடுற எடத்துக்குத்தான். வசந்தத்துல வடக்க நடந்து கடலோர சமவெளிக்குப் போயி ஜூன் ஆரம்பத்துல ஈனும், அங்க ஓநாய் கரடி கம்மி, அப்பதான் முளைச்ச தளிரு தாய்க்குப் பால் ஊற வைக்கும், கொசு மொய்ச்சா கடக்காத்து இருக்கு. க்விச்சின்காரங்களுக்கு அது உயிர் தொடங்குற புனித எடம். அதுக்கு அடியிலதான் பெட்ரோல் இருக்குன்றாங்க. 1988ல ரெண்டு நாட்டு க்விச்சின்களும் அலாஸ்கால ஆர்க்டிக் வில்லேஜ்ங்கிற ஊர்ல கூடி, அங்க தோண்டவே கூடாதுன்னு ஒரே முடிவா எடுத்தாங்க. ஆனா 2017ல அமெரிக்கா சட்டம் போட்டு கதவைத் திறந்துடுச்சு. அங்க எண்ணெய் எடுக்கிற உரிமையை ஏலம் விட்டாங்க, 2021 ஏலத்துக்குப் பெரிய ஆயில் கம்பெனி எதுவும் வரல, 2025 ஜனவரி ஏலத்துல ஒருத்தர்கூட கேக்கல, அப்படியும் அரசாங்கம் விடுறதா இல்ல. அந்தக் கரையிலயே இருக்கிற காக்டோவிக் ஊர்ல வாழுற இன்யூபியட்ங்கிற இன்னொரு பழங்குடி மக்கள்ல நிறைய பேர் எண்ணெய் எடுக்கட்டும்ங்கிறாங்க, ஸ்கூலு ஆஸ்பத்திரின்னு அவங்களுக்கும் காசு வேணும்ல, அதையும் தப்புன்னு நம்ம இங்க உக்காந்து சொல்லிட முடியாது. ஆனா ஈனுற எடத்துல கை வைக்கிறதுல எனக்கு உடன்பாடு இல்ல.

கேள்வி: பொட்டை கரிபுக்கும் கொம்பு உண்டாமே?
- ஒரு வாசகர், தேனி

பதில்: உண்டு. கிடா, இணை சேருற சீசன் முடிஞ்சதும் கொம்பை உதுத்துடும். சினை மான் ஈனுற வரைக்கும் வச்சிருக்கும், பனியைத் தோண்டி எடுத்த தீனிக்கு எவனாவது பங்குக்கு வந்தா ஒரே முட்டு!